பாறைக்கு ஒரு மாமனார்

பேட்டி கொடுத்தவரின் முகத்தை இருட்டாக்கியாகிவிட்டது. குரலை மாற்றியாகிவிட்டது. சட்டையின் நிறத்தைக்கூட விட்டுவைக்கவில்லை எடிட்டர். இனிப் பெற்ற தாயே வந்தாலும் அடையாளம் தெரியாது என்று ஒருமுறைக்கு நாலுமுறை பார்த்துவிட்டுத்தான், படத்தைப் போட்டுக்காட்டத் தீவுக்குப் படகேறினாள். கெட்டிக்காரிதான், யார் இல்லையென்றது? ஆனால் அந்தக் கெட்டிக்காரத்தனமெல்லாம் எடிட்டிங் ரூமோடு சரி. தீவில் அவள் கால் வைத்ததே அன்றைக்குத்தான்.

பவளப்பாறையை வெடி வைத்துத் தகர்த்து மீன் அள்ளுவது யார் என்று கேமரா முன்னால் சொன்ன ஒரே ஆள் ஒரு படகோட்டி. "என் மூஞ்சி தெரியக் கூடாது சார். தெரிஞ்சா உசுரோட விடமாட்டாங்க" என்று டைரக்டரிடம் சத்தியம் வாங்கிக்கொண்டுதான் வாயைத் திறந்தார்.

பள்ளிக்கூட ஹாலில் ஜன்னல்களுக்குக் கறுப்புத் துணி கட்டி, மத்தியானமே படம் ஓடியது. வெடிப் படகுகளின் முதலாளி முன்வரிசையில் உட்கார்ந்திருந்தார். தன்னைப் பற்றிப் பேசினது யார் என்று பார்க்கத்தான் வந்திருந்தார். நாலு வரிசை தள்ளிப் படகோட்டியும் அவர் மனைவியும்.

ப்ரொஜெக்டர் பக்கத்தில் நின்ற எடிட்டரிடம் பள்ளி ஆசிரியை படகோட்டியைக் காட்டினாள். "அட, மாமனாரும் வந்துட்டாரே!"

"யாருக்கு மாமனார்?"

"யாருக்கும் இல்ல. புள்ளகுட்டியே கிடையாது. பாறையப் போய் 'என் மருமக, என் மருமக'ன்னு கொஞ்சுவாரு. அதான் ஊரே அப்படிக் கூப்பிடுது. உலகத்துல வேற எவன் அப்படிச் சொல்லுவான்!"

பேட்டியில் எடிட்டருக்கு ரொம்பப் பிடித்த வரியே அந்த 'என் மருமக'தான். தீவில் எல்லாருமே பாறையை அப்படித்தான் சொல்வார்களாக்கும் என்று அவளாகவே நினைத்துக்கொண்டு, வெட்டாமல் வைத்திருந்தாள். யாரையாவது ஒரு வார்த்தை கேட்டாளா? கேட்டிருந்தால் என்ன குறைந்தா போயிருப்பாள்?

திரையில் இருட்டு முகம் வந்தது. படத்தை நிறுத்தினால் முன்வரிசை திரும்பிப் பார்க்கும். சரியாக அந்த வரி வரும் இடத்தில் எடிட்டர் ஸ்பீக்கர் ஒயரைப் பிடுங்கினாள். ஹால் அமைதியானது. அப்பாடா!

எங்கே அப்பாடா? மாற்றின குரல் புரியாமல் போய்விடுமே என்று திரையின் அடியில் எழுத்துப் போட்டதும் இந்த மகராசிதானே. சத்தம் நின்றுபோகவே, ஹால் மொத்தமும் அதைத்தான் படித்தது: "அவங்க வைக்கிற வெடியில என் மருமக செத்துட்டா."

"ஐயோ, நம்ம மாமனாரு!" என்று பின்வரிசையில் ஒரு பெண் வாய்விட்டுச் சொல்ல, ஹாலே கொல்லென்று சிரித்தது. பாசமான சிரிப்புதான். அப்புறம்தான் ஒவ்வொருவருக்காக உறைத்து, பாதியில் நின்றுபோனது.

முதலாளி எழுந்து திரும்பினார்.

"மருமக தவறிட்டாளாமே மாமனாரே," என்றார், துக்கம் விசாரிக்கிற மாதிரியே. "எங்களுக்குச் சொல்லி அனுப்பலியே? சாயங்காலம் வீட்லதான இருப்பீங்க? நாங்க நாலு பேர் வந்துட்டுப் போறோம்."

படகோட்டி அவரைப் பார்க்கவில்லை. கையில் ஒயரோடு நின்ற எடிட்டரைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.