இடப்பக்க ஜன்னலில் இல்லாத மலை

1.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதையை நான் யோசித்து எழுதவில்லை. 2003இல், திருவண்ணாமலையில், பக்கத்து வீட்டு அப்பாவும் பிள்ளையும் கம்ப்யூட்டர் முன்னால் போட்ட சண்டையை ஒட்டுக்கேட்டு எழுதுகிறேன்.

முதலில் எழுதிய தொடக்கம்: பொன்னிற விடியலில் விமானம் மேகங்களைக் கிழித்து—

வேண்டாம். அந்தப் பிள்ளை சிவகணேஷ் பறந்ததெல்லாம் கம்ப்யூட்டர் முன்னால், பிளாஸ்டிக் நாற்காலியில்.

2.

அது ஒரு பழைய விமான விளையாட்டு. செய்த கம்பெனியே கைகழுவிவிட்டது. புதுக் கம்ப்யூட்டரில் போட்டால் மலைகள் மறைந்து, அந்த இடத்தில் வானம் தெரியும். உலகெங்கும் இருந்த ரசிகர்கள் ஆளுக்கோர் ஊரை எடுத்துக்கொண்டு, 'பேட்ச்'* எழுதிச் சரிசெய்தார்கள். அண்ணாமலையைச் சிவகணேஷ் கேட்டு வாங்கினான். ஒரு மாதம் உட்கார்ந்தான். ஞாயிற்றுக்கிழமை வெளியாகும் பேட்ச் தொகுப்பில் அது சேர்ந்தால் அவன் பெயர் வரும். அர்ச்சகர் வீட்டில் பிறந்தும் கோயில் வேலைக்குப் போகாதவனுக்கு ஒரு பெயராவது வேண்டாமா?

* கிழிந்த வேட்டிக்குப் போடும் ஒட்டுதான். இதைத் தைப்பதற்கு ஊசி வேண்டாம், இடுப்பு வலி வேண்டும்.

3.

(இங்கே ஒரு காதலியை வைக்கலாமா என்று பார்த்தேன். நாற்காலியை விட்டு எழுந்திருக்காதவனுக்கு எவள் வருவாள்?)

சனிக்கிழமை காலை, தொகுப்பைப் பார்த்துக்கொள்ளும் ஜெர்மனிக்காரரிடமிருந்து மெயில் வந்தது. வலப்பக்க ஜன்னலில் மலை அருமை. இடப்பக்க ஜன்னலில் மலையே இல்லை. நாளைக்குள் சரிசெய்து, இடப்பக்கம் மலை தெரிய ஒரு முழுச் சுற்று பறந்து காட்டினால்தான் சேர்ப்பாராம்.

சோதித்துப் பார்க்காமல் அனுப்பியவன் இல்லை சிவகணேஷ். மலையை முந்நூறு தடவை சுற்றிப் பார்த்திருந்தான். முந்நூறும் கிரிவலம், மலை எப்போதும் வலப்பக்கம். மலையை எதிர்ப்பக்கமாகவும் சுற்றலாம் என்பதே அவனுக்குத் தோன்றவில்லை.

4.

பேட்சைத் திருத்திவிட்டான். பறந்து காட்டுவதுதான் பாக்கி. பின்னால் அப்பா சோமநாதன் வந்து நின்றார்.

"என்னடா, மலையை இடப்பக்கமா வச்சு அப்பிரதட்சிணமா சுத்தப் போறியா?"

"கம்ப்யூட்டர் மலைப்பா. பொம்மை."

"பொம்மைக்கு எதுக்குடா ஒரு மாசம் உக்காந்தே?"

அப்பா குனிந்து திரையில் மலையைப் பார்த்தார்.

"உன் பேரு வரணும்னு எனக்கும் ஆசைதான். நான் வேணா அந்தப் பக்கம் திரும்பி நின்னுக்கறேன்."

நின்றுகொண்டார். அதற்கப்புறம்தான் சிவகணேஷ் கீபோர்டிலிருந்து கையை எடுத்தான்.

5.

முடிவு ஒன்று: கரண்ட் போய்விட்டது. (ரொம்ப சௌகரியம். அடித்து நீக்கிவிட்டேன்.)

முடிவு இரண்டு: சிவகணேஷ் விமானத்தை இடப்பக்கமாக—

இந்த வாக்கியத்தை நான்கு நாளாக முடிக்கப் பார்க்கிறேன். நானும் இந்த ஊரில் பிறந்தவன். கை வரமாட்டேன் என்கிறது. பையனுக்குப் பெயர் வரவேண்டும் என்றும் இருக்கிறது. நீங்கள் வெளியூர் என்றால், விமானத்தை நீங்களே திருப்பிவிடுங்கள். நான் அவன் அப்பா பக்கத்தில் போய்த் திரும்பி நின்றுகொள்கிறேன்.