அம்சாவுக்கு வராத காமாலை

"எனக்கு எப்ப சார் காமாலை வந்துச்சி? நீ வந்து பாத்தியா?"

"மெதுவா பேசும்மா. இது கோர்ட்டு."

"கோர்ட்டா இருந்தா இன்னா? ஏழு மாசம் படுத்த படுக்கையா கெடந்தேன்னு எழுதிக்கீற. கீழாநெல்லி அரைச்சி குடிச்சேன்னு வேற எழுதிக்கீற!"

செங்கல்பட்டு கோர்ட்டு வராந்தாவில் வக்கீல் ராஜேந்திரனை அம்சா உலுக்கிக்கொண்டிருந்ததை, வாய்தாவுக்கு வந்தவர்கள் தங்கள் வழக்கை மறந்து வேடிக்கை பார்த்தார்கள். ராஜேந்திரனுக்கு இது புதிதல்ல. அப்பீல் கெடு தாண்டி வரும் கட்சிக்காரர் எவரானாலும், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவில் அவர் கொடுக்கும் நோய் ஒன்றுதான். கம்ப்யூட்டரில் காமாலை தயாராக இருக்கும். பெயரையும் தேதியையும் மாற்றினால் போதும். பென்சிலால் பெருக்கல் குறி போட்ட இடங்களிலெல்லாம் அம்சாவும் படிக்காமல் கையெழுத்துப் போட்டிருந்தாள்.

விஷயம் இதுதான். பட்டிபுலம் பக்கம் அப்பா விட்டுப்போன சவுக்குத் தோப்பில் பாதி தனக்கென்று அண்ணன் வெங்கடேசன் மேல் அம்சா போட்ட வழக்கு தோற்றது. முப்பது நாளுக்குள் அப்பீல் போடவேண்டும். கோவளத்தில் வாடகை வீட்டில் இருந்தவளுக்கு, சொந்தமாக ஒரு சுவர் எழுப்ப அதை விட்டால் வேறு மண் கிடையாது. இருபதாம் நாள் வெங்கடேசன் தாம்பூலத் தட்டோடு வந்து நின்றார்.

"பிரபாவுக்கு மாப்ள அமைஞ்சிக்கீது. கேஸ் ஓடுதுன்னு தெரிஞ்சா சம்பந்தி வூட்ல பின்வாங்கிடுவாங்க. கண்ணாலம் முடியட்டும் அம்சா, உன் பங்க நானே எழுதித் தரேன்."

அண்ணன் மகள் கல்யாணத்துக்கு அத்தையே குறுக்கே நிற்பதா? அம்சா தீர்ப்பு நகலை மடித்துப் பீரோவில் வைத்தாள். நிச்சயம், பந்தக்கால், நலங்கு எதுவும் அவள் இல்லாமல் நடக்கவில்லை. மறுவீட்டு விருந்து முடிந்த மறுநாள், "டைம் போயிடுச்சே, இனிமே இன்னா பண்ணமுடியும்?" என்று வெங்கடேசன் ரொம்ப வருத்தப்பட்டார்.

இதை அப்படியே ராஜேந்திரனிடம் சொன்னாள். "அதெல்லாம் எடுபடாதும்மா, நான் பாத்துக்கறேன்" என்றார். பார்த்துக்கொண்ட லட்சணம் இது.

உள்ளே முதலில் ஏதோ ஒரு அரசுத் துறையின் மனு வந்தது. தொள்ளாயிரத்துச் சொச்சம் நாள் தாமதம். கோப்பு மேசைக்கு மேசை நகர்ந்ததாம். கையெழுத்துப் போடவேண்டியவர் நடுவில் மாற்றலாகிப் போனாராம். இரண்டு நிமிடத்தில் மன்னிப்புக் கிடைத்தது. கோப்புக்குக் கால் கிடையாதல்லவா, பாவம்.

அடுத்தது அம்சாவின் இருநூற்றுப் பதினாலு நாள். வெங்கடேசனின் வக்கீல் லேப்டாப்பில் கல்யாண வீடியோவை ஓடவிட்டார். படுத்த படுக்கையான அம்சா அதில் பட்டுப்புடவை பளபளக்கச் சீர்த்தட்டு ஏந்தி, மேளத்துக்கு ஒரு ஆட்டமும் போட்டு வந்தாள். மறுவீட்டு விருந்தில் வஞ்சிரம் வறுவலை இரண்டாம் முறை கேட்டு வாங்கினாள்.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "காமாலைக்கு எண்ணெய் ஆகாதேம்மா?"

ராஜேந்திரன் மின்விசிறியை ஆராய்ந்துகொண்டிருந்தார். அம்சா தானே வாய் திறந்தாள்.

"ஐயா, எனக்குக் காமாலையும் இல்ல, ஒரு மண்ணும் இல்ல. தோ நிக்குதே எங்க அண்ணன், அதான் கண்ணாலம் முடியட்டும்னுச்சி. நம்பிட்டேன்."

"அப்ப இதையில்ல எழுதியிருக்கணும்? சத்தியம் பண்ணிக் குடுத்த மனுவே பொய்ன்னு நீங்களே சொல்றீங்க. இப்ப சொல்றத மட்டும் எப்படி நம்பறது?"

மனு தள்ளுபடி.

வராந்தாவில் வெங்கடேசனின் சம்பந்தி முத்துசாமி காத்திருந்தார். துணைக்கு வந்த இடத்தில் முழுக்கதையும் அவர் காதில் விழுந்துவிட்டது.

"இதுக்கா சம்பந்தி மறைச்ச? எங்க வூட்லயே மூணு கேஸ் ஓடிகினு கீது. தெரிஞ்சா நீ பொண்ணு தரமாட்டேன்னு நாங்க வாயத் தொறக்கல!"

அம்சா சிரிக்கவா அழவா என்று நின்றபோது ராஜேந்திரன் மெல்ல நெருங்கினார். "ஹைகோர்ட்டு போலாம்மா."

"அங்க போவ இன்னா நோவு வெச்சிக்கீற?"

வெங்கடேசன் தோப்பை வில்லா கட்டுபவர்களுக்கு விற்றுவிட்டு மறைமலைநகரில் பிளாட் வாங்கிக் குடிபோனார். அம்சா வாடகை குறைவென்று திருக்கழுக்குன்றம் பக்கம் போய்விட்டாள். தை மாதம் அவள் மகள் ரேணுகாவுக்கும் அணுபுரத்துப் பையன் பிரவின்குமாருக்கும் பதிவு அலுவலகத்தில் கல்யாணம். மூன்று சாட்சிகளைக் கேட்டார் பதிவாளர். தாய்மாமன் எங்கே என்று அவர் விசாரிக்கவில்லை, அம்சாவும் சொல்லியனுப்பவில்லை.