மயில் மார்க்கா மூட்டை

காசியின் கருமாதிக்கு ஞாயிற்றுக்கிழமை என்று நாள் குறித்தாகிவிட்டது. பட்டணத்துத் துறைமுகத்துக்கு மூட்டை சுமக்கப் போனவன் ஆவணியில் காலராவில் போய்விட்டான் என்று சேதி வந்து ஆறு மாதம். பிணத்தைப் பார்த்தவர் ஒருவருமில்லை. ஊர்வாய் சும்மா இருக்குமா? மருமகள் கெங்கம்மாள் கழுத்தில் தாலி இன்னும் எத்தனை நாள் என்று கேட்டுக் கேட்டே மாமியார் ரங்கம்மாளைச் சம்மதிக்க வைத்துவிட்டார்கள்.

வியாழக்கிழமை, ஆம்பூர் தோல் பதனிடும் ஷாப்பில் மூட்டைக்குச் சாக்குத் தைத்துக்கொண்டிருந்த கெங்கம்மாளிடம் மேஸ்திரி ஆபித் பாஷா வந்தார்.

"நேத்து டெண்டு கொட்டாயில பயாஸ்கோப்பு பாத்தேம்மா. அதுல ஒருத்தன் மூட்டை தூக்கினு போறான். அப்படியே உன் ஊட்டுக்காரன்தான். நீயே வந்து பாரு."

அதன் பிறகு அவளுக்குக் கை ஓடவில்லை. சாயங்காலமே மாமியாரை இழுத்துக்கொண்டு போய்க் கொட்டகை மணலில் உட்கார்ந்தாள். மேஸ்திரியும் கூட வந்திருந்தார்.

பெரிய படத்துக்கு முன்னால் ஒரு துண்டுப் படம். படத்துக்கு வாய் இல்லாத குறையைத் திரைக்குப் பக்கத்தில் நின்ற முக்தார் அகமது தன் வாயால் தீர்த்துவைத்தார். "பாருங்க, பட்டணத்து ஹார்பரு! நம்ம ஊர் தோலு சீமைக்குப் போவுது!"

வரிசையாகக் கூலிகள் வந்தார்கள். படம் பிடிக்கிற பெட்டியைக் கண்டதும் ஒருத்தன் நின்று பல்லைக் காட்டினான். காசியேதான்.

"ஐயோ, என் புள்ள!" என்று அலறிய ரங்கம்மாள் மறுகணமே சோர்ந்துபோனாள். "சாவுறதுக்கு முன்னாடி புடிச்சதோ இன்னாவோ."

கெங்கம்மாளுக்கும் அதே சந்தேகம்தான். அதற்குள் காசி திரும்பி நடந்தான். முதுகில் இருந்த மூட்டையில் தோகை விரித்த மயில் முத்திரை. அவள் துள்ளி எழுந்தாள்.

"பாய், மயில் மார்க்கா! தீபாவளி வரைக்கும் நம்ம ஷாப்பு மூட்டைக்கு யானை மார்க்காதானே போட்டோம்?"

"ஆமாம்மா! புது மொதலாளி வந்தப்புறம்தான் மயிலு," என்றார் ஆபித் பாஷா. "ஆவணியில செத்தவன் கார்த்திகையில எப்படி இந்த மூட்டையத் தூக்குவான்?"

பின்னால் இருந்தவர்கள் "உக்காரு, உக்காரு" என்று கத்தினார்கள். கத்தட்டுமே! ஆறு மாதமாக நெஞ்சில் ஏறி உட்கார்ந்திருந்த பாரம் இறங்கிவிட்டது. கெங்கம்மாள் மாமியாரைக் கட்டிக்கொண்டு விக்கி விக்கி அழுதாள். விஷயம் தெரிந்ததும் முக்தார் அகமது துண்டுப் படத்தை மறுபடியும் ஓட்டச் சொன்னார்.

வெளியே வந்ததும் ரங்கம்மாள் மூக்கைச் சிந்திப் போட்டாள். "காலைல ரயிலுக்குச் சின்னவன் பெருமாள அனுப்பி இட்டுனு வரச் சொல்றேன்."

"வேணாம் அத்தை, நானே போறேன்," என்றாள் கெங்கம்மாள். "பொட்டிக்காரனப் பாத்து அந்தச் சிரிப்பு சிரிச்சாரே. என்னைப் பாத்து இன்னா முழி முழிக்கிறாருன்னு நான் பாக்கணும்."