ஓடைப் பள்ளத்துப் பீங்கான்

லெமுவேல் பிங்க்னி புல் வெட்டும் இயந்திரத்தை நிறுத்திவிட்டு, சர்வேயர் அடித்துக்கொண்டிருந்த மரமுளைகளைப் பார்த்தார். ஆரஞ்சு நாடா கட்டிய முளைகள் தேவாலயத்துக்குப் பின்னாலிருந்த கல்லறை நிலத்தைப் பாதியாக அறுத்துக்கொண்டு போயின. சாலையை அகலப்படுத்தப் போகிறார்கள்.

"நாலு கல்லுதான் நிக்குது. அதுக்கு வேலி போட்டுக் குடுத்துருவோம். மிச்சம் வெறும் நிலம்தானே, சார்?" என்றான் சர்வேயர்.

ஜார்ஜியாவின் அந்தச் சின்னச் சபையில் கறுப்பின மக்கள் நான்கு தலைமுறையாகப் புதைக்கப்பட்டிருந்தார்கள். அங்கே முப்பது வருடமாகச் சபைக் காரியங்களைப் பார்த்துக்கொள்ளும் டீக்கனாக இருப்பவர் லெமுவேல். "சரியாத் தெரியலப்பா" என்றார்.

"தெரியலையா?"

பின்னால் ஓடெல்லா நின்றிருந்தாள். அவருக்கு ஒத்த வயது, எழுபதைத் தாண்டியவள். "காலையிலேயே ஏதாவது ஊத்திக்கிட்டியா, டீக்கன்? அந்தத் தேவதாரு மரத்துலேருந்து ஓடை வரைக்கும் நம்ம சனம்தான் படுத்திருக்கு. எங்கம்மா இருக்கா." சர்வேயரிடம் திரும்பினாள். "கல்லு வைக்க எங்களுக்கு வக்கில்ல, தம்பி. செத்தவங்க கடைசியாப் புழங்கின பாத்திரத்த உடைச்சு மண்ணு மேல வைப்போம். அதான் எங்களுக்குக் கல்லு. எங்கம்மாவுக்கு நீலக் கிண்ணம்."

"ஒண்ணையும் காணோமேம்மா?"

"எவனோ திருட்டுப்பய மொத்தமா அள்ளிட்டுப் போயிட்டான். நாப்பத்தஞ்சு வருஷமாச்சு. அவன் கை அழுகிப் போயிருக்கும்."

லெமுவேல் தன் கையைக் குனிந்து பார்த்தார்.

நாற்பத்தைந்து வருடத்துக்கு முன்னால், அது ஆகஸ்டு மாதம், வடக்கே பிழைக்கப் போனவர்களெல்லாம் ஊர் திரும்பும் ஞாயிறு. சிகாகோவிலிருந்து அவருடைய மைத்துனர்கள் வரவிருந்தார்கள். சாலைக்கு அந்தப் பக்கம் வெள்ளைக்காரர்களின் கல்லறை, வாரிவிட்ட தலைபோல் இருந்தது. இந்தப் பக்கம் உடைந்த தட்டு, மருந்துக் குப்பி, சிப்பி, விளக்குக் கண்ணாடி. அவருக்குக் கூசியது. யாரையும் கேட்கவில்லை. சனிக்கிழமை மதியம் தனியாக வந்து, கைவண்டியில் மூன்று நடையாக எல்லாவற்றையும் அள்ளி ஓடைப் பள்ளத்தில் கொட்டினார். மறுநாள் மைத்துனர் ஒருவர், "சுத்தமா வச்சிருக்கீங்களே" என்றபோது நெஞ்சு நிமிர்ந்தது. அதே நாள் ஓடெல்லா புல்லுக்குள் குனிந்து குனிந்து தேடியதையும் அவர் பார்த்தார். திருடன் என்று அவள் அழுதபோது தலையாட்டினார். பிறகு எத்தனையோ ஞாயிறுகள் அவளுக்கு இரண்டு பெஞ்சு தள்ளி உட்கார்ந்து ஜெபித்தார். உண்மையைச் சொல்ல மட்டும் வாய் வரவில்லை.

சர்வேயர் அடுத்த முளையை ஊன்றிச் சுத்தியலை ஓங்கினான்.

"அடிக்காத," என்றார் லெமுவேல். "திருடன் யாரும் வரல, ஓடெல்லா. நாந்தான். எல்லாத்தையும் ஓடைப் பள்ளத்துல கொட்டினேன்."

அவள் பள்ளத்தைப் பார்த்து நடந்தாள். திட்டியிருந்தால்கூட அவருக்குக் கொஞ்சம் லேசாக இருந்திருக்கும்.

மூவரும் பள்ளத்தில் இறங்கினார்கள். லெமுவேல் மண்டியிட்டு வெறுங்கையால் சருகையும் சேற்றையும் கிளறினார். குவளைக் காது, தட்டு விளிம்பு, குழந்தையின் பால் புட்டி. தோண்டத் தோண்ட வந்துகொண்டே இருந்தன. சர்வேயர் அந்தப் புட்டியை வாங்கிப் பார்த்தான். பிறகு மேலே போய் அலுவலகத்துக்குத் தொலைபேசியில் பேசினான். "நிலத்த முழுசா சோதிக்கிற வரைக்கும் வேலை நிக்கும்" என்று சொல்லி, அடித்த முளைகளை ஒவ்வொன்றாகப் பிடுங்கத் தொடங்கினான்.

நீலக் கிண்ணத்தில் பாதி கிடைத்தது. ஓடெல்லா அதைப் பாவாடையில் துடைத்து எடுத்துக்கொண்டு மேட்டுக்கு ஏறினாள். எங்கும் ஒரே மட்டமான புல். வாரம் தவறாமல் அவரே வெட்டிய புல்.

"எங்க வைக்கட்டும்? சொல்லு."

லெமுவேல் புல்லுக்குள் குனிந்து குனிந்து தேடினார்.

"வெளியாள் அழிச்சா சண்டை போடலாம், லெமுவேல். நம்ம அடையாளத்தப் பாத்து நாமளே வெக்கப்பட்டு அழிச்சா யார்கிட்டப் போய் நிக்கிறது? உடைஞ்ச கிண்ணத்துல என்ன வெக்கம் இருக்கு? அத வாரிக் கொட்டினதுலதான் இருக்கு."

"ஞாயித்துக்கிழமை சபையில எல்லார் முன்னாடியும் சொல்லிடுறேன்."

ஓடெல்லா கிண்ணத்தை அவர் கையில் வைத்தாள்.

"இதப் பிடிச்சுக்கிட்டுச் சொல்லு."