குடிக்காத கோப்பி

ஞாயிறு பத்திரிகையில் நான் எழுதும் மர்மத் தொடருக்கு வாசகர்கள் அதிகம். அலோர் காஜா பசாருக்குக் காய் வாங்கப் போனால்கூட, "கொலகாரன் யாருன்னு எனக்கு மட்டும் சொல்லுங்கலா சார்" என்று மறித்துக்கொள்வார்கள். கொலைக்கதை என்றால் எல்லாருக்கும் ஆசைதான். எனக்கும்தான். அந்த ஆசையில்தான் சேகரனைக் கெடுத்தேன்.

சேகரன் என்னோடு படித்தவன். நாங்கள் பிறந்த நியாலாஸ் தோட்டத்தில் இன்றும் லாரி ஓட்டுகிறான். மூன்று வருடத்துக்கு முன் அவன் மனைவி மலர்க்கொடியை யாரோ அடித்துக் கொன்று செம்பனைக் காட்டு வாய்க்காலில் போட்டுவிட்டார்கள். கொலை நடந்த நேரத்தில் சேகரன் லாரியோடு தூரத்து மூவார் டவுனில் இருந்தான். போலீசே விசாரித்து அதை உறுதி செய்தது. கொன்றவன் இன்னும் அகப்படவில்லை.

கருமாதியன்று என்னிடம் மட்டும் சொல்லி அழுதான்.

"காலையில சண்டைடா. நான் போட்ட கோப்பியக் குடிக்காமலே வேலைக்குப் போயிட்டா."

தோளைத் தட்டி ஆறுதல் சொன்னேன். அந்தக் கோப்பியை மனசில் குறித்தும் வைத்துக்கொண்டேன். சொல்லவே நாக் கூசுகிறது.

இந்த வருடத் தொடரில் பேரை மாற்றினேன், ஊரை மாற்றினேன். வாய்க்காலும் கோப்பியும் அப்படியே இருந்தன. கடைசி வாரத்துக்குத் திருப்பம் வேண்டுமே. புருஷன் கோப்பியில் விஷம் கலந்தான், அவள் குடிக்காமல் போனதால் பின்னாலேயே போய் அடித்துக் கொன்றான் என்று முடித்தேன். இரண்டு நாள் பாராட்டு ஓயவில்லை.

தோட்டத்து மாரியம்மன் திருவிழாவில் இந்த வருடம் கரகம் எடுக்கும் முறை சேகரனுக்கு. மஞ்சள் வேட்டியோடு விரதத்தில் இருந்தான். போன வாரம் கோயில் கூட்டத்துக்கு என்னையும் கூப்பிட்டிருந்தார்கள். தலைவர் பாலகிருஷ்ணன் அண்ணன் அவன் முகத்தைப் பார்க்காமலே பேசினார்.

"சனங்க ஒரு மாதிரி பேசுறாங்க. சேகரன் இந்த வருசம் ஒதுங்கி இருக்கட்டும்லா. தம்பி, நீங்க எடுங்க. தோட்டத்துக்குப் பேர் வாங்கிக் கொடுத்தவரு."

"அது என் கற்பனைண்ணே," என்றேன். என் குரல் எனக்கே கேட்கவில்லை.

"ஒண்ணுமில்லாமலா எழுதியிருப்பீங்க," என்று சிரித்தார்.

சேகரன் எழுந்தான். கோபப்படுவான் என்று நினைத்தேன். கோபப்பட்டிருந்தால் தேவலை.

"அந்தக் கோப்பிய அப்புறம் நான்தானடா குடிச்சேன். அத ஏன் எழுதல?"

அதையும் கருமாதியன்று சொல்லியிருந்தான். கதைக்கு உதவாது என்று நான்தான் விட்டுவிட்டேன்.