திரும்பி வந்த தட்டு

சோலாஞ்சுக்கு வாய் கொஞ்சம் நீளம். ஆனால் போன தீபாவளியன்று அவள் செய்த காரியத்துக்கு வாயே தேவைப்படவில்லை.

வெள்ளைக்காரன் ஆண்ட அந்தத் தீவில், ரோஸ் ஹில் ஊரில் அவள் தெருவுக்கு ஒரு வழக்கம் உண்டு. பண்டிகைக்குப் பக்கத்து வீட்டிலிருந்து பலகாரத் தட்டு வந்தால் அன்றே திருப்பக் கூடாது. நம் பண்டிகை வரும்வரை வைத்திருந்து, நிரப்பி அனுப்ப வேண்டும். பக்கத்து வீட்டுத் தேவந்தியின் நீலப்பூத் தட்டு அப்படித்தான் தீபாவளிக்கும் கிறிஸ்துமஸுக்கும் வேலியிடுக்கு வழியாகப் போய்வந்து கொண்டிருந்தது.

போன வருஷம் தேர்தல் முடிந்த சூடு. துறைமுகத்தில் மூட்டை தூக்கும் சோலாஞ்சின் கணவன் கஸ்தோன் சுதந்திரம் வேண்டாமென்று ஓட்டுப் போட்டவன்.

"வெள்ளைக்காரன் போகட்டும், இந்துக்க உன்னையும் சேலை கட்டச் சொல்லுவாங்க பாரு. நாம ஆஸ்திரேலியா போயிடுவோம்" என்று ஓதிக்கொண்டே இருந்தான். அவளும் தலையாட்டினாள். தேவந்தி அனுப்பிய பலகாரத்தை மட்டும் எடுத்துக்கொண்டு, தட்டை அன்றைக்கே வெறுமையாக வேலியோரம் வைத்துவிட்டு வந்தாள்.

கொடி மாறியது. யாரும் சேலை கட்டச் சொல்லவில்லை. ஆஸ்திரேலியாதான் கஸ்தோனை வேண்டாமென்று சொல்லிவிட்டது. இந்தத் தீபாவளிக்குத் தேவந்தி வீட்டுத் தட்டு சீனர் கடைக்குப் போனது, எதிர்வீட்டு ரஷீதுக்குப் போனது, சோலாஞ்சின் வாசலைத் தாண்டியும் போனது. அவள் பிள்ளை பெற்றபோது தலைமாட்டில் உட்கார்ந்திருந்தவள் தேவந்தி.

தேவந்திக்கு ஆகாதென்று முட்டை போடாமல் சோலாஞ் தேங்காய் கேக் செய்து, தன் வீட்டுத் தட்டில் வைத்தாள். வேலியிடுக்கில் தகரம் அடித்திருந்ததால் தெருவைச் சுற்றிக்கொண்டு முன்வாசலுக்குப் போனாள்.

"வாங்க மதாம், உக்காருங்க" என்றாள் தேவந்தி. எப்போதும் 'ஏண்டி' என்று கூப்பிடுகிறவள், அந்நியப் பெண்ணை அழைப்பதுபோல அழைத்தாள்.

"அக்கா, என்னைத் திட்டு. வேணும்னா நாலு அடி போடு. மதாம்னு மட்டும் சொல்லாத. அன்னிக்கு எனக்குப் புத்தி கெட்டுப்போச்சு."

"அதெல்லாம் எதுக்கு இப்ப? நாடு எல்லாருக்கும்தானே. ரேடியோவுலகூட தினமும் சொல்றாங்க."

சிரித்துக்கொண்டேதான் சொன்னாள். தபால்காரரிடமும் அவள் அப்படித்தான் சிரிப்பாள். தட்டோடு உள்ளே போனாள். அது அந்த வீட்டிலேயே தங்கிவிட வேண்டுமே என்று சோலாஞ் மாதாவை வேண்டிக்கொண்டாள்.

தேவந்தி தட்டைக் கழுவித் துடைத்து, பலகாரத்தைக் குவித்து எடுத்து வந்தாள்.

"தட்டு இங்க எதுக்கு மதாம்? கையோட கொண்டுபோயிடுங்க."

வீட்டில் கஸ்தோன் ஒன்றை எடுத்துக் கடித்தான்.

"பாத்தியா, எவ்வளவு குடுத்திருக்கா! கோபமெல்லாம் போச்சு."

சோலாஞ் அடுக்களைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு அழுதாள்.