நாலு சாவும் நாலு ரூமும்

கானா நாட்டுக் குமாசி நகரில் வாடகை வழக்குகளை விசாரிக்கும் கோர்ட்டில் நான் குமாஸ்தா. வீட்டைக் காலி செய்யச் சொல்லி வீட்டுக்காரி அஃப்ராகோமா வழக்குப் போட்டு இரண்டு வருஷம் ஆகிறது. குடியிருக்கும் போவாடு தன் பதில் மனுவில் சொன்னது ஒரே காரணம்: அம்மா, மாமியார், இரண்டு தாய்மாமன்கள், இத்தனை பேரோடு எங்கே போவது?

அதன்பின் ஒவ்வொரு முறையும் சிவப்புத் துக்கத்துணியைச் சுற்றிக்கொண்டு வந்து வாய்தா கேட்டான். முதலில் மாமியார் செத்தாள், பிறகு மாமன்கள். எழுதி எழுதி என் கைதான் செத்தது.

நேற்றும் அதே துணி.

"அம்மா போயிட்டாங்கய்யா. அடக்கத்துக்கு ஒரு மாசம் வேணும்."

"அடப்பாவி! காலையிலதான் உங்கம்மா சந்தையில வாழைக்காய்க்குப் பேரம் பேசிட்டிருந்தா!" என்று அஃப்ராகோமா கத்தினாள்.

"நீ சும்மா இரும்மா" என்று நீதிபதி பதில் மனுவைப் புரட்டினார். "போவாடு, இப்ப வீட்ல யாரு இருக்கா?"

"நான் ஒருத்தன்தான்யா." மூக்கை உறிஞ்சினான்.

"தனி ஆளுக்கு எதுக்குப்பா நாலு ரூம்? வெள்ளிக்கிழமைக்குள்ள காலி பண்ணு."

"ஐயா, அவங்கல்லாம் வந்து..."

"உயிரோட இருந்தா கூட்டிட்டு வா. பொய் சொன்னதுக்கு ஜெயில்ல ரூம் இருக்கு. வாடகை கிடையாது."